விரலுக்கு ஏற்ற விறைப்பு

எனக்குப் பாட்டு வராது. கிடாரும் வாசிக்கத் தெரியாது. ஆனால் கிடார் கம்பியைப் பற்றி யாராவது தெரியாத்தனமாக என்னிடம் பேச்சுக் கொடுத்துவிட்டால் அவர்கள் பாடு அவ்வளவுதான். கம்பி என்ன பருமன், எவ்வளவு நீளம், எந்தச் சுருதி, அதற்கு எத்தனை கிலோ இழுத்துக் கட்ட வேண்டும் என்று ஆரம்பித்துவிடுவேன். இந்தப் பேச்சு வந்தாலே என் பிள்ளைகள் எழுந்து போய்விடுவார்கள். போகட்டும். கல்யாணமாகித் திண்டுக்கல்லுக்கு வந்த மறு வருடம் முழுக்க நான் வேறு எதையும் யோசிக்கவில்லை. அதற்குக் காரணம் இருந்தது.

என் மாமனாருக்குப் பூட்டுப் பட்டறை. வீட்டின் முன்பாதி பட்டறை, பின்பாதி வீடு. மாமியார் நான் வருவதற்கு முன்பே இறந்துபோயிருந்தார். ஆக, வீட்டில் மாமனார், என் கணவர், நான் என்று மூன்றே பேர். கணவர் ஆறு நாளும் அப்பாவோடு பூட்டு அடிப்பார். ஞாயிற்றுக்கிழமை மாதா கோயில் பாடற்குழுவில் கிடார் வாசிப்பார். ரயில்வேயில் கார்டாக இருந்த ஒருவர் ஊரைவிட்டுப் போகும்போது விட்டுச்சென்ற கிடார் அது. என்னைப் பெண் பார்க்க வந்தபோது 'பையன் கிடார் வாசிப்பான்' என்று தரகர் பெருமையாகச் சொல்லப்போக, என் அப்பா அதை ஒரு சீக்கு மாதிரி எடுத்துக்கொண்டு, "அது அடிக்கடி வருமோ?" என்று கேட்டார். எனக்கு அப்போதே மாப்பிள்ளையைப் பிடித்துவிட்டது.

கல்யாணமாகிச் சில மாதங்களில் அந்த விபத்து நடந்தது. பட்டறையில் ஒரு கைப்பிரஸ் உண்டு. கீழே பித்தளைத் தகட்டை வைத்து, மேலே உள்ள கைப்பிடியைச் சுழற்றி இழுத்தால் அச்சு இறங்கித் தகட்டை வெட்டும். அன்று தகட்டை வைத்தவர் மகன். கைப்பிடியை இழுத்தவர் அப்பா. தகடு கொஞ்சம் நகர்ந்துவிட்டது என்று இவர் இடது கையை உள்ளே விட்டு நேராக்கியதை அவர் பார்க்கவில்லை.

ஆஸ்பத்திரியில் விரல்களைக் காப்பாற்றிக் கொடுத்துவிட்டார்கள். ஆனால் நடுவிரலிலும் மோதிர விரலிலும் பலம் இல்லை. மடக்குவார், நீட்டுவார், அவ்வளவுதான். தண்ணீர்ச் செம்பை அந்தக் கையால் பிடித்தால் நழுவும். மாமனார் அந்தக் கைப்பிரஸ்ஸைச் சாக்குப் போட்டு மூடி மூலைக்குத் தள்ளிவிட்டார். அதைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. மகனோடு பூட்டைப் பற்றிப் பேசுவார், சாப்பாட்டைப் பற்றிப் பேசுவார். கண் மட்டும் அந்தக் கை இருக்கும் பக்கம் போகாது. மகனும் அந்தக் கையை மடியில் மறைத்துக்கொண்டே சாப்பிடுவார். நடுவில் நான் சோறு போட்டுக்கொண்டு, இரண்டு பேரையும் உலுக்கினால் என்ன என்று நினைத்துக்கொண்டிருப்பேன்.

காயம் நன்றாக ஆறியபின் ஒருநாள் இவர் கிடாரை எடுத்தார். கிடாரின் கழுத்தில் குறுக்கே வரிசையாகப் பித்தளைப் பட்டிகள் பதித்திருக்கும். கம்பியை அந்தப் பட்டியோடு படிய அழுத்தினால்தான் சுரம் தெளிவாக வரும். இவர் அழுத்தினார். 'டொக்' என்று பலகையைத் தட்டின மாதிரி ஒரு சத்தம். மறுபடியும் அழுத்தினார். அதே 'டொக்'. நெற்றியெல்லாம் வேர்த்துவிட்டது.

பாடற்குழுத் தலைவர் ஒரு பள்ளிக்கூட வாத்தியார், நல்ல மனிதர். வீட்டுக்கே வந்து, "டிசம்பர் பொறக்கட்டும் தம்பி, அதுவரைக்கும் உங்க எடம் உங்களுக்குத்தான். முடியலேன்னா கிறிஸ்மஸுக்கு மட்டும் மதுரையிலிருந்து ஒரு ஆளக் கூப்பிட்டுக்கறோம். தப்பா நெனைக்காதீங்க" என்றார். சொந்தக்காரர் ஒருவர், கிடாரை மடியில் படுக்கப் போட்டு இரும்புத் துண்டால் இழைத்து வாசிப்பார்களே, அப்படி வாசிக்கலாமே என்று யோசனை சொன்னார். இவருக்கு அதில் இஷ்டம் இல்லை. "அது வேற வாத்தியங்க. எனக்கு இதுதான் தெரியும்" என்று சொல்லி, கிடாரைச் சுவரில் மாட்டிவிட்டார்.

என்னிடம், "விடும்மா. பூட்டுத் தட்ட ஒரு கை போதும்" என்றார்.

அப்படிச் சொன்னவர் அதன்பின் வீட்டில் பேசுவதையே குறைத்துக்கொண்டார். இவர் திரும்ப வாசிப்பாரா, மாட்டாரா? எங்கள் வீட்டில் அப்போது இருந்தது இந்த ஒரே கேள்விதான். யாரும் வாய்விட்டுக் கேட்கவில்லை. வாசிக்காவிட்டால் அந்த இரண்டு ஆண்களும் ஆயுளுக்கும் இப்படியே எதிரெதிரே உட்கார்ந்து வேறெங்கோ பார்த்துக்கொண்டு சாப்பிடுவார்கள் என்று எனக்குத் தெரிந்துவிட்டது.

நான் பௌதிகம் படித்தவள். பி.எஸ்ஸி. முடித்த கையோடு கட்டிக் கொடுத்துவிட்டார்கள். கல்லூரி ஆய்வுக்கூடத்தில் ஒரு நீண்ட மரப்பெட்டி இருக்கும். அதன்மேல் ஒரு கம்பி. கம்பியின் ஒரு முனையை ஆணியில் கட்டி, மறுமுனையை உருளைமேல் விட்டு, அதில் எடைக்கற்களைத் தொங்கவிடுவோம். கம்பியின்மேல் மடித்த காகிதத்துண்டு ஒன்றைக் குதிரையில் உட்கார்த்துவதுபோல உட்கார்த்தி வைத்து, இசைக்கவையைத் தட்டிப் பெட்டியின்மேல் ஊன்றுவோம். இரண்டின் சுருதியும் ஒன்றானால் காகிதம் துள்ளிக் கீழே விழும். பரீட்சைக்கு அதைத் தவிர எல்லாம் படித்துப் போய் அதுவே எனக்கு வந்தது என்பது வேறு விஷயம்.

ஒருநாள் கத்தரிக்காய் நறுக்கிக்கொண்டிருக்கும்போது அந்தப் பெட்டி ஞாபகத்துக்கு வந்தது. கத்தியை அப்படியே வைத்துவிட்டு எழுந்தேன். விரலுக்குப் பலம் ஏற்ற டாக்டராலேயே முடியவில்லை. கம்பியின் விறைப்பைக் குறைக்க யாருடைய அனுமதி வேண்டும்?

முதலில் விரல் எவ்வளவு தாங்கும் என்று தெரிய வேண்டும். அதற்குத் தராசு வேண்டும், எடைக்கல் வேண்டும். எங்கள் தெருமுனையில் பலசரக்குக் கடை வைத்திருந்த பாயிடம் போனேன். நத்தம் புளி மூட்டைகளுக்கு நடுவில் உட்கார்ந்திருப்பார். தலைக்குமேல் சிறுமலைப் பழத்தார் தொங்கும். விஷயத்தைச் சொன்னேன். அவருக்குப் பாதிதான் புரிந்தது, ஆனால் புரிந்த பாதி போதுமானதாக இருந்தது.

"யாவாரத்துக்கு நடுவுல தராசக் குடுக்க ஏலாது தங்கச்சி. வெள்ளிக்கிழமை தொழுகைக்குக் கடைய அடைப்பேன்ல, அப்ப எடுத்துட்டுப் போ. நான் பள்ளிவாசல்ல இருந்து வார வரைக்கும் உன்னுது" என்றார்.

ஆகவே எங்கள் ஆராய்ச்சி எல்லாம் வெள்ளிக்கிழமை மதியம்தான் நடந்தது. தராசின் ஒரு தட்டில் கல்லை வைப்பேன். மறு தட்டை இவர் மோதிர விரலால் அழுத்தி முள்ளை நடுவில் நிறுத்த வேண்டும். நான் ஒரு பரலோக மந்திரம் சொல்லி முடிக்கும்வரை நிறுத்த வேண்டும். முதல் தடவை பாதி மந்திரத்திலேயே தட்டு மேலே போய்விட்டது.

"நீ வேணும்னே மெதுவாச் சொல்ற" என்றார்.

"செபத்த அவசரமாச் சொல்லக் கூடாதுங்க" என்றேன்.

விபத்துக்குப் பிறகு அன்றுதான் சிரித்தார். கல்லை மாற்றி மாற்றி வைத்துப் பார்த்ததில் விஷயம் தெளிவானது. வலது கையின் நல்ல விரல் தாங்குகிற எடையில் பாதியைத்தான் இந்த விரல் தாங்கியது. அப்படியானால் கம்பியின் விறைப்பும் பாதியாக வேண்டும்.

பட்டறையில் கிடந்த ஒரு பலகை, ஒரு சின்ன உருளை, பாயின் கற்கள் இவற்றை வைத்து எங்கள் வீட்டிலேயே ஒரு ஆய்வுக்கூடம் எழுந்தது. கிடாரில் இருக்கும் நீளத்துக்கே கம்பியைக் கட்டி, அது பழைய சுருதிக்கு வரும்வரை எடை ஏற்றினோம். சுருதிக்கு ஒரு பழைய ஆர்மோனியம். வெல்லத்துக்கும் பருப்புக்கும் போட்ட கற்கள் கம்பியில் தொங்கிக்கொண்டிருக்கும். பாய் வந்துவிட்டாரா என்று நான் வாசலைப் பார்த்துக்கொண்டே எழுதுவேன்.

கணக்கு ரொம்பப் பெரியது இல்லை. கம்பியின் சுருதியைக் கொஞ்சம் இறக்கினால் விறைப்பு கொஞ்சமாகக் குறையாது, நிறையக் குறையும். சுருதியைப் பாதியாக்கினால் விறைப்பு கால்வாசி ஆகிவிடும். பருமனும் அதே மாதிரி. பாதிப் பருமன் உள்ள கம்பிக்கு அதே சுருதியில் கால்வாசி விறைப்பே போதும். ஆனால் சுருதியை மட்டும் இறக்கிக்கொண்டே போனால் கம்பி தொளதொளத்துப் பித்தளைப் பட்டியில் அடிக்கும். பருமனை மட்டும் குறைத்தால் கம்பி விரலை அறுக்கும், சத்தமும் கொசு மாதிரி இருக்கும். அதனால் இரண்டிலும் கொஞ்சம் கொஞ்சம் எடுத்துக்கொண்டேன். கம்பியைச் சற்று மெல்லியதாக்கி, சுருதியை ஆர்மோனியத்தில் கறுப்பும் வெள்ளையுமாக மூன்று கட்டை இறக்கினால் விறைப்பு ஏறக்குறையப் பாதிக்கு வந்துவிடும். தடித்த கம்பிகளுக்குச் சுருதி இறங்கினாலே போதும், அவை நல்ல விரல்களுக்கு உரியவை. மெல்லிய கம்பிகள்தான் பிரச்சினை.

அந்தப் பருமனில் பட்டறையிலேயே ஒரு சுருள் இருந்தது. பெட்டிப் பூட்டுக்கு ஸ்பிரிங் சுற்ற வாங்கிவைத்த உருக்குக் கம்பி. மாமனார் இத்தனை நாளும் எங்கள் கூத்தைக் கண்டும் காணாதவர் மாதிரி அரம் போட்டுக்கொண்டிருந்தார். அன்று நான் இவரிடம், "இந்தக் கம்பின்னா விரல் நோகாதுங்க" என்று சொன்னது மட்டும் அவர் காதில் நன்றாக விழுந்திருக்கிறது.

மறுநாள் மதியம் என்னைக் கூப்பிட்டார். கையில் அந்தச் சுருள். கறுத்திருந்தது.

"தொட்டுப் பாரு தாயி. நூலு கணக்கா ஆயிருச்சு. இனிமே பய விரலு நோகவே நோகாது" என்றார்.

பூட்டு வேலைக்காரர்களுக்கு அது ஊறிப்போன வழக்கம். வளைக்க வேண்டியது எதுவாக இருந்தாலும் முதலில் கரியடுப்பில் சிவக்கக் காய்ச்சிச் சாம்பலில் புதைத்து ஆறவைப்பார்கள். முரட்டு உலோகம் சொன்னபடி கேட்கும். மகனின் விரலுக்குக் கம்பி முரடாக இருக்கிறது, அவ்வளவுதானே, இளக்கிவிட்டால் போகிறது என்று சுருள் முழுவதையும் காய்ச்சிவிட்டார். ஒரு சாண்கூட மிச்சம் வைக்கவில்லை.

இது இனி இழுப்பைத் தாங்காது என்று எனக்குப் பார்த்ததுமே தெரிந்துவிட்டது. இருந்தாலும் இவர் ஆசையாக ஒரு துண்டை எடுத்துக் கிடாரில் கட்டினார். முறுக்காணியைத் திருகினார். கம்பி நீண்டது. இன்னும் திருகினார். இன்னும் நீண்டது. சுருதி ஏறவே இல்லை. கடைசியில் சத்தம்கூடப் போடாமல் அறுந்தது. வேறொரு துண்டு கட்டினார். அதுவும் அப்படியே.

நான் வெடித்துவிட்டேன். "விறைப்புன்னா கம்பி கெட்டியா இருக்குறது இல்ல மாமா! நாம எம்புட்டு இழுத்துக் கட்டுறமோ அதுதான் விறைப்பு. உருக்கு உருக்காத்தான் இருக்கணும், அப்பத்தான் இழுப்பத் தாங்கும். ஒரு வார்த்த கேட்டா என்ன? எல்லாத்தையும் நெருப்புல போடுறதுக்கு இது என்ன பூட்டா?"

மாமனாரிடம் நான் குரல் உயர்த்தியது அதுதான் முதல் தடவை. கத்தியதற்காக இன்றுவரை நான் வருத்தப்படவில்லை. அவர் அந்தச் சுருளைக் கையில் வைத்துக்கொண்டு, "நோகக் கூடாதுன்னுதான்..." என்றார். பாதியில் நிறுத்திக்கொண்டு எழுந்து போய்விட்டார். அப்புறம்தான் எனக்கு உறைத்தது. அவ்வளவு மெல்லிய கம்பியைக் கரியடுப்பில் வைத்தால் ஒரு நொடி அசந்தாலும் கருகிப் பொசுங்கிவிடும். ஒரு இடம்கூடக் கருகாமல், ஒவ்வொரு சுற்றாக விசிறி விசிறிக் காய்ச்சியிருக்கிறார். காலை முழுக்க அந்த அடுப்பின் முன்னால் உட்கார்ந்திருக்கிறார். மகனின் கையைப் பார்க்க முடியாத மனிதருக்கு அந்தக் கைக்காகச் செய்யத் தெரிந்தது அது ஒன்றுதான். எனக்குக் கண் நிறைந்துவிட்டது, கோபம் மட்டும் குறையவில்லை.

மறுநாள் காலையில் அவரைக் காணோம். பொழுது சாயும் நேரத்தில் வந்தார். முதல் பஸ்ஸுக்கு மதுரை போய், சட்டைப் பையில் ஒரு துண்டுக் கம்பியை வைத்துக்கொண்டு இரும்புக் கடை கடையாக ஏறி இறங்கி, அதே பருமனில் ஒரு சுருள் வாங்கி வந்திருந்தார். அதைக் கிடாருக்குப் பக்கத்தில் வைத்துவிட்டு, என்னைப் பார்க்காமல், "நெருப்புல காட்டல" என்றார். காபி போட்டுக் கொண்டுபோய்க் கொடுத்தேன். வாங்கிக் குடித்தார். எங்கள் சண்டை அத்தோடு முடிந்தது.

புதுக் கம்பி சுருதியில் நின்றது. இவர் மோதிர விரலை வைத்து அழுத்தி மீட்டினார். 'டொக்' இல்லை, முழுசாக ஒரு சுரம். "அட" என்றார். திரும்ப மீட்டினார். மறுபடியும் "அட" என்றார். எனக்குச் சந்தோஷத்தில் என்ன செய்வதென்று தெரியாமல், துவைத்து வைத்த துணியை இரண்டாம் தடவை துவைத்தேன். அதற்கப்புறம் தினமும் தன் வேலை முடிந்ததும் வாசிப்பார். பட்டறையில் மாமனார் அரம் போடும் சத்தம் அந்நேரம் நின்றுபோகும்.

டிசம்பர் பிறந்த முதல் ஞாயிற்றுக்கிழமை பாடற்குழு ஒத்திகைக்கு நானும் கூடப் போனேன். இவர் வாசிக்கத் தொடங்கினார். எல்லோர் முகமும் மலர்ந்தது. பெண்கள் பாட ஆரம்பித்தார்கள். இரண்டாவது வரியில் பாட்டு கீழே இறங்கும் இடத்தில் அத்தனை குரலும் காணாமல் போய்விட்டது.

"இம்புட்டுக் கீழ எங்களுக்குத் தொண்ட எறங்கலை அண்ணே" என்றாள் முன்வரிசைப் பெண் ஒருத்தி.

வேறு இடத்தில் பிடித்து வாசிக்கலாமே என்றார்கள். அதற்கு ஆட்காட்டி விரலை ஆறு கம்பிக்கும் குறுக்கே படுக்கவைத்து, மற்ற விரல்களை எட்டிப் போட வேண்டும். அந்த விரல்களால் ஆகாது. இவர் கிடாரின் கழுத்தில் பென்சிலை வைத்து ரப்பர் போட்டுக் கட்டிச் சுருதியை ஏற்றிப் பார்த்தார். பென்சிலுக்கு அடியில் கம்பிகள் ஒவ்வொன்றும் ஒவ்வொரு பக்கம் இழுபட்டுச் சுருதி கலைந்தது. பென்சில் அமுக்கியதில் விறைப்பு ஏறி, அழுத்தவும் பழையபடி திணறல். தலைவர் இவர் தோளில் கை வைத்து, "அடுத்த வருசம் பாப்போம் தம்பி" என்றார். என் கணக்கில் விரல் இருந்தது, கம்பி இருந்தது. பாடுகிறவர்களின் தொண்டை இல்லை.

வீட்டுக்கு வந்ததும் கிடார் சுவருக்குப் போய்விட்டது. எங்கள் முகத்தைப் பார்த்தே மாமனார் புரிந்துகொண்டார். மூன்று பேரும் பழையபடி வேறெங்கோ பார்த்துக்கொண்டு சாப்பிட்டோம். தோற்றுப்போனது எனக்கு மூக்குவரை எரிந்தது.

கிறிஸ்துமஸ் காலைப் பூசைக்குப் போய் வந்தோம். மதுரைக்காரர் நன்றாகவே வாசித்தார். அதை ஒப்புக்கொள்ள எனக்கு மனசில்லை. மதியம் கறிச்சோறு சாப்பிட்டுவிட்டு இவர் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார். மாமனார், பண்டிகைக்காகப் பூட்டியிருந்த பட்டறைக்குள் போய் உட்கார்ந்துகொண்டார். நல்ல நாளும் அதுவுமாக வீடு இப்படிக் கிடப்பதை என்னால் பொறுக்க முடியவில்லை. கிடாரை இறக்கி மடியில் வைத்துக்கொண்டு, கைக்கு வந்தபடி தட்டினேன். முறுக்காணியையும் பிடித்துத் திருகினேன்.

"ஏய், அத வையி" என்றார், திரும்பாமலே.

"வைக்க மாட்டேன்."

இன்னும் கொஞ்சம் திருகினேன். அந்தச் சத்தத்தைக் காது உள்ள யாராலும் தாங்க முடியாது. எழுந்து வந்து என் கையிலிருந்து பிடுங்கினார். சுருதியைச் சரிசெய்தார். சரிசெய்துவிட்டோமே என்பதற்காக மீட்டினார். காலையில் கோயிலில் பாடிய அதே பிறப்புப் பாட்டைத் தன்னையறியாமல் வாசிக்க ஆரம்பித்தார். எனக்குப் பாட வராது. முதல் வரி வெறும் கிடாராகவே போனது.

இரண்டாவது வரி கீழே இறங்குகிற இடத்தில் பட்டறைக்குள்ளிருந்து ஒரு குரல் வந்தது.

மாமனார் பாடி நான் கேட்டதே இல்லை. கோயிலில் அவர் வாயை மட்டும் அசைத்துக்கொண்டு நிற்பதைப் பார்த்திருக்கிறேன். பக்தி போதாது என்று நினைத்திருந்தேன். கோயில் பாட்டின் சுருதி அந்த மனிதரின் தொண்டைக்கு எட்டாத உயரத்தில் இருந்திருக்கிறது, அவ்வளவுதான். மூன்று கட்டை இறங்கியதும் பாட்டு அவர் இருக்கும் இடத்துக்கே வந்துவிட்டது. கனத்த, நிதானமான குரல். கொஞ்சம்கூடப் பிசகவில்லை.

இவர் பட்டறைப் பக்கம் திரும்பிப் பார்த்தார். நிறுத்தாதீங்க என்று சைகை காட்டினேன். அவர் பாடிக்கொண்டே எழுந்து பட்டறை வாசலைத் தாண்டி உள்ளே வந்தார். மகனுக்கு எதிரே தரையில் உட்கார்ந்தார். கடைசி அடி வரைக்கும் அவர் கண் அந்த இடது கையை விட்டு நகரவில்லை. நடுவிரலும் மோதிர விரலும் கம்பிகளின்மேல் மெதுவாக, நிதானமாக மாறி மாறிப் படிந்துகொண்டிருந்தன.

பாட்டு முடிந்தது. மாமனார் கையை நீட்டி அந்த விரல்களைப் பிடித்தார். கம்பி பதிந்த தடத்தைப் பெருவிரலால் தடவினார்.

"வலிக்குதாடா?" என்றார்.

இவர் கையை இழுத்துக்கொள்ளவில்லை.

"இல்லப்பா. நீங்க இன்னொருக்காப் பாடுங்க."